எள்ளளவு விட்ட இடம்

தங்கல் என்ன நிறம் என்று இருமதி நாட்டில் நாலு பேரைக் கேட்டால் நாலு பதில் வரும். நாவல்பழம் தின்ற நாக்கின் நிறம் என்பார் ஒருவர். அடுப்பு அணைந்தபின் கரியில் கொஞ்ச நேரம் தெரியுமே, அது என்பார் இன்னொருவர். மரகதத்தைக் கேட்டால், "எங்க அக்கா நிறம்" என்பாள். கேட்டவர்கள் அதற்குமேல் பேச்சை வளர்க்க மாட்டார்கள்.

செங்குன்றுகளில் வெட்டியெடுக்கும் ஒரு வகைக் களிமண்ணை மூன்று மழைக்காலம் ஊறவைத்து அரைத்தால் அந்த நிறம் கிடைக்கும். அதைப் பூசிய பொருளுக்குக் காலம் நின்றுவிடும். பூசிய குடத்துக்குள் பால் திரியாது. பூசிய மீன் நாறாது. கார்த்திகையில் மாம்பழம் தின்ன ஆசைப்பட்ட பணக்காரர்கள் சித்திரையிலேயே பழத்துக்குப் பூசி வைத்தார்கள். வெளியூர் மகன் வந்து சேரும்வரை பிணத்துக்குப் பூசினார்கள். தேர்தலில் தோற்ற ஒரு தலைவர், நன்றி கெட்ட இந்த மக்கள் திருந்தும்வரை தங்கலுக்குள் போய்விடப் போவதாக மேடையில் மிரட்டினார். கூட்டம் பலமாகக் கைதட்டியதால் அந்த யோசனையைக் கைவிட்டார்.

பிறகு ஒரு நாள், உயிரோடு இருக்கும் மனிதர்களுக்கும் பூசலாம் என்று கண்டுபிடித்தார்கள். அதற்கப்புறம் தங்கலைப் பற்றி யாரும் சிரித்துப் பேசவில்லை.

கல்மூச்சு என்றொரு நோய் அந்த நாட்டில் உண்டு. நெஞ்சுக்குள் மூச்சு கொஞ்சம் கொஞ்சமாக இறுகிக் கல்லாகிப்போகும். அப்போது அதற்கு மருந்து இல்லை. மருந்து வரும்வரை நோயாளியை அப்படியே நிறுத்தி வைத்தால் என்ன என்று மருத்துவமனைக்காரர்கள் யோசித்தார்கள். தலைநகருக்குக் கிழக்கே தங்கல் மண்டபம் எழும்பியது. வரிசை வரிசையாகக் கல்மேடைகள். மேடைக்கு ஒருவர். பிறகு மருந்தில்லாத மற்ற நோய்க்காரர்களையும் அங்கே கிடத்தினார்கள். மரகதத்தின் அக்கா பவளத்தை அங்கே கிடத்திப் பூசியபோது பவளத்துக்கு இருபத்து நாலு வயது. அவள் மகள் முல்லை பால்குடி மறக்காத குழந்தை. மரகதத்துக்கு இருபது.

பூசும்போது கடைசிவரை ஒருவர் நோயாளியின் கையைப் பிடித்துக்கொண்டிருக்க வேண்டும். எல்லா இடமும் பூசி முடித்த பிறகுதான் அந்தக் கையை விடுவித்து உள்ளங்கைக்குப் பூசுவார்கள். அப்படிப் பிடித்திருந்தவருக்குக் கைக்காரர் என்று பெயர். என்றைக்காவது கழுவி எழுப்பும் நாள் வந்தால் கைக்காரர் வாய்திறந்து சொன்னால்தான் கழுவுவார்கள். கட்டிய கணவன் சொன்னாலும் செல்லாது. பவளத்தின் கணவன் சேந்தனுக்கு அன்றைக்கு மனசில் திடமில்லை. மண்டபத்து வாசலோடு நின்றுகொண்டான். மரகதம்தான் பிடித்தாள்.

பச்சைக் குழந்தையை யார் பார்ப்பது என்று பெரியவர்கள் கூடிப் பேசி, அடுத்த ஆண்டே மரகதத்தைச் சேந்தனுக்குக் கட்டிவைத்தார்கள். அவளைக் கேட்டார்களா என்றால், கேட்டார்கள். அவள் தலையாட்டும்வரை கேட்டார்கள்.

தங்கியவர் எழுந்தால் எல்லாம் விட்ட இடத்திலிருந்து அவருக்கே என்று சட்டம் சொன்னது. வீடு, வாசல், கணவன், பிள்ளை எல்லாம். நடுவில் வந்தவளுக்கு இடைமனைவி என்று பெயர். அவள் தாலியை இறுக முடிய மாட்டார்கள். ஒரே இழுப்பில் அவிழும்படி உருவு முடிச்சாகப் போடுவார்கள். எழுந்து வருகிறவள் வீட்டுக்குள் கால் வைப்பதற்குமுன் கணவன் அதை இழுத்து அவிழ்த்துவிட வேண்டும். இருபத்தாறு ஆண்டுகள் மரகதம் அந்த முடிச்சோடுதான் சமைத்தாள், துவைத்தாள், முல்லைக்குத் தலைவாரிவிட்டாள். தூக்கத்தில் எதிலாவது மாட்டி அவிழ்ந்துவிடக் கூடாதென்று ரவிக்கைக்குள் செருகிக்கொண்டு படுப்பாள். தனக்கென்று ஒரு பிள்ளை பெற்றுக்கொள்ள அவளுக்குப் பயமாக இருந்தது. எந்த வீட்டில் வைத்து வளர்ப்பது?

முல்லையின் கல்யாணத்தில் தாய்க்கு உரிய மனையில் தங்கல் நிறத் துணி ஒன்றை மடித்து வைத்தார்கள். மரகதம் தூணோரமாக நின்று பார்த்தாள். பந்தியில் மட்டும் அவளை முதல் வரிசையில் உட்கார வைத்தார்கள், பாவம் என்று.

இரண்டு நிலவும் சேர்ந்து நிறையும் நாளின் பகலில் மண்டபத்தைப் பார்வைக்குத் திறப்பார்கள். மரகதம் ஒரு முறையும் தவறவிட்டதில்லை. அக்காவின் மேடையருகே தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து பேசத் தொடங்குவாள். முல்லைக்கு முதல் பல் விழுந்தது, சேந்தனின் குறட்டை, கிணற்றில் தவலை விழுந்தது, பக்கத்து வீட்டுக்காரியின் வாய் எல்லாம் வரும். கேட்காத காதிடம் பேசுவதில் ஒரு சௌகரியம் இருக்கிறது. எதிர்க்கேள்வி கிடையாது, முகம் சுளிப்பது கிடையாது. மண்டபத்துக்கு வருகிற எல்லோரும் அப்படித்தான் பேசினார்கள். வீட்டில் வாயே திறக்காத ஆண்கள்கூட அங்கே வந்து மனசைக் கொட்டிவிட்டு, முகத்தைத் துடைத்துக்கொண்டு போவார்கள்.

இந்த ஆண்டு மழை விட்டதும் கல்மூச்சுக்கு மருந்து வந்துவிட்டது.

மண்டபத்து மருத்துவர் இளவெயினி மரகதத்தை வரச்சொல்லி ஆள் அனுப்பியிருந்தார். சுற்றி வளைத்துப் பேசத் தெரியாத பெண்மணி அவர். உட்காரச் சொன்ன கையோடு ஆரம்பித்தார்.

"மருந்து நல்லா வேலை செய்யுதும்மா. போன மாசம் ஒரு பள்ளிக்கூட வாத்தியாரைக் கழுவினோம். நெஞ்சு சுத்தமாயிடுச்சு. நடக்கறாரு, சாப்பிடறாரு. அடுத்த வரிசையில உங்க அக்கா இருக்காங்க."

சந்தோஷப்பட வேண்டும் என்று மரகதத்துக்குத் தெரிந்தது. கை தானாக ரவிக்கைக்குள் இருந்த முடிச்சைத் தேடியது.

"அதுக்கு முன்னாடி ஒரு விஷயம்" என்றார் மருத்துவர். "வெளிய போகக் கூடாது. வாத்தியாரு கண்ணு முழிச்சதும் தரை பெருக்கிக்கிட்டிருந்த பொண்ணப் பாத்து, 'வடிவு, உன் புருஷன் குடிக்கறத விட்டானா'ன்னு கேட்டாரு. அவ கைல இருந்த தொடப்பத்தைப் போட்டுட்டு ஓடியே போயிட்டா. வடிவு இங்க வேலைக்குச் சேந்தப்போ அவரைப் பூசி எத்தனையோ வருஷம் ஆயிருந்துச்சு."

"அப்போ அவருக்கு எப்படி அவ பேரு…"

"கேட்டிருக்காரு."

மரகதத்துக்கு உடனே புரியவில்லை. புரியக் கூடாது என்று மனசு கொஞ்ச நேரம் பிடிவாதம் பிடித்தது.

"எல்லா நிறமும் தன்மேல படற வெளிச்சத்துல கொஞ்சத்தத் திருப்பி அனுப்பும். அதனாலதான் நம்ம கண்ணுக்கு நிறம்னு ஒண்ணு தெரியுது. தங்கல் காலத்தைத் திருப்பி அனுப்புது. ஆனா முழுசா மூடியிருந்தாத்தான் அது நடக்கும். இங்க பூசறவங்க எல்லாரும் செங்குன்றுக்காரங்க. அவங்க ஒவ்வொருத்தருக்கும் ஓர் எள்ளளவு எடம் பூசாம விட்டிருக்காங்க. எடது காதுக்குப் பின்னால, முடிக்குள்ள. மறந்துபோயி விடல. அது அவங்க வழக்கமாம்."

"எள்ளளவுதானே?"

"எள்ளளவு போதும்மா. அது வழியாக் காலம் உள்ள கசிஞ்சிருக்கு. காது வேலை செஞ்சிருக்கு. கேட்டதை நெனச்சுப் பாக்கற எடமும் வேலை செஞ்சிருக்கு. மத்ததெல்லாம் நின்னு போச்சு. கண்ணத் தெறக்க முடியாது, விரல அசைக்க முடியாது. வாங்க, காட்டறேன்."

பவளத்தின் மேடையருகே போனதும் மருத்துவர் உதட்டில் விரலை வைத்தார். பிறகு பவளத்தின் கூந்தலை மெல்ல ஒதுக்கினார். இருபத்து நாலு வயது முகத்தில் ஐம்பது வயதுக் காது ஒட்டிக்கொண்டிருந்தது. மடல் தளர்ந்து, கம்மல் துளை நீண்டு, பின்னால் அந்தச் சின்ன இடத்தில் நாலைந்து நரைமுடி முளைத்திருந்தது. மரகதம் தன் காதைத் தொட்டுப் பார்த்துக்கொண்டாள். ஏறக்குறைய அதே தளர்ச்சிதான்.

வெளியே வந்தபின் மருத்துவர் மறுபடி பேசினார்.

"விட்ட எடத்தையெல்லாம் சத்தமில்லாம மூடிடச் சொல்லி மேலிடத்து உத்தரவு. ஒரு சின்னப் பூச்சு. அதுக்கப்புறம் நெஜமாவே ஒண்ணும் கேக்காது, ஒண்ணும் தெரியாது. மத்த நோய்க்காரங்களுக்கு வேற வழியில்ல. உங்க அக்காவுக்கு மருந்து வந்துடுச்சு, அதனால கைக்காரங்களைக் கேக்கணும். கழுவணுமா, மூடணுமா. நாளைக்கு வந்து சொல்லுங்க."

"மூடினா?"

"எத்தனை வருஷம் வேணும்னாலும் இருப்பாங்க. அப்புறம் எழுப்பிக்கலாம். இல்ல, எழுப்பாமயே…" மருத்துவர் அதை முடிக்கவில்லை. "நான் எதுவும் சொல்லக் கூடாதும்மா. வெளிய தெரிஞ்சா ஊரு தாங்காது. வீட்டுக்கு ஒருத்தர் இங்க படுத்திருக்காங்க. வீட்டுக்கு ஒருத்தர் வந்து பேசியிருக்காங்க."

வீட்டுக்கு நடந்து போகும் வழியெல்லாம் மரகதம் தான் பேசியதை ஒவ்வொன்றாக நினைத்துப் பார்த்தாள். கல்யாணத்தை அக்காவிடம் சொல்லி அழுதது. சேந்தனைப் பற்றி வாய்கூசும் விஷயங்களையும் சொன்னது. இதெல்லாம்கூடப் பரவாயில்லை. வேறொன்று இருந்தது. அதை நினைத்ததும் நடுத்தெருவில் நின்றுவிட்டாள். பின்னால் வந்த வண்டிக்காரன் திட்டிவிட்டுப் போனான்.

முல்லைக்கு நாலு வயதில் கடுமையான காய்ச்சல் வந்தது. அதுவரை சித்தி என்று கூப்பிட்ட குழந்தை, காய்ச்சலில் மரகதத்தின் கழுத்தைக் கட்டிக்கொண்டு "அம்மா" என்றது. அந்த ஒரு சொல்லில் மரகதத்துக்குப் பைத்தியம் பிடித்துவிட்டது. அடுத்த பார்வை நாளில் அக்காவின் மேடைமேல் தலையை வைத்துக்கொண்டு சொன்னாள்: "நீ எந்திரிக்காத அக்கா. உன் கால்ல விழறேன். நீ வந்தா நான் எங்க போவேன்? அப்படியே இருந்துடு."

ஒரு தடவை சொன்னதோடு நின்றிருந்தாலாவது ஆத்திரத்தில் வந்தது என்று சொல்லிக்கொள்ளலாம். சொன்னதும் மனசு லேசானதால் அடுத்த தடவையும் சொன்னாள். அப்புறம் அது பழக்கமாகிவிட்டது. கிளம்பும்போது போயிட்டு வரேன் என்று சொல்வதுபோல, "எந்திரிக்காத அக்கா" என்று சொல்லிவிட்டுத்தான் மண்டபத்தை விட்டுக் கிளம்புவாள். கடைசியாகப் போன நாளிலும் சொன்னாள். சாப்பாட்டுக்கூடையை எடுத்துக்கொண்டே, வேறெதையோ நினைத்துக்கொண்டே சொன்னாள்.

சேந்தன் சாப்பிட உட்கார்ந்திருந்தான். தலை முழுக்க நரைத்து, முன்பல் ஒன்று ஆடிக்கொண்டிருந்தது. அவள் சொல்லச் சொல்லச் சோற்றைப் பிசைந்த கை நின்றது. முழுதும் கேட்டுவிட்டு முதலில் அவன் கேட்டது இதுதான்:

"நான் எப்பவாவது அங்க வந்து ஏதாவது பேசியிருக்கேனா?"

"நீங்க வந்தாத்தானே அத்தான்."

அவன் முகத்தில் ஒரு நிம்மதி பரவியது. அதைப் பார்த்தபோது மரகதத்துக்கு அவனை ஓங்கி அறைய வேண்டும்போல் இருந்தது.

"அப்போ மூடிடச் சொல்லு" என்றான். "அவளுக்கும் நிம்மதி, நமக்கும் நிம்மதி. எனக்கு அம்பத்தஞ்சு ஆகுது. அவளுக்கு இன்னும் இருபத்து நாலு. இந்த மூஞ்சிய வச்சுக்கிட்டு அவ முன்னாடி எப்படிப் போயி நிக்கறது? முல்லை அவளை விடப் பெரியவ. அம்மாவ விட மக பெரியவன்னு ஊரே கைகொட்டிச் சிரிக்கும். உன் கழுத்துல இருக்கறத நான் என் கையால அவுக்கணும். அது என்னால முடியாது மரகதம்."

"அக்காவுக்கு எல்லாம் கேட்டுக்கிட்டு இருக்கு அத்தான். இத்தனை வருஷமா இருட்டுல தனியாக் கெடந்து கேட்டுக்கிட்டு இருந்திருக்கா."

"அதுக்குத்தான் சொல்றேன். மூடிட்டா அந்தக் கஷ்டமும் தீந்துடும்ல?"

அவன் சொன்னதில் தப்பொன்றும் இல்லை. வழியெல்லாம் அவளும் இதையேதான் நினைத்துக்கொண்டு வந்தாள். இன்னொருவர் வாயிலிருந்து கேட்கும்போது அசிங்கமாக இருந்தது. அவள் அவன் தட்டில் மோரை ஊற்றினாள்.

மறுநாள் காலையில் மண்டபத்துக்குப் போனாள். செங்குன்றுக்காரர் ஒருவர் சிரட்டையில் தங்கலும், அணில்வால் முடியில் கட்டிய சின்னத் தூரிகையுமாக ஒவ்வொரு மேடையாகப் போய்க்கொண்டிருந்தார். வேம்பன் என்று பெயர். அவளைப் பார்த்ததும் அடையாளம் கண்டுகொண்டு எழுந்து வந்தார். பவளத்தின் மேடையைத் தாண்டி ஒரு தூண் மறைவுக்கு அவளை அழைத்துப் போய்த் தாழ்ந்த குரலில் பேசினார்.

"உங்க அக்காளுக்கு நான்தான் பூசினேன் தாயி. நீங்க கையப் புடிச்சிருந்தீங்க. விடவே மாட்டேன்னு அழுதீங்க."

"ஏன் விட்டீங்க அந்த எடத்தை?" என்றாள் மரகதம். திட்ட வேண்டும் என்றுதான் வாயைத் திறந்தாள். குரல் கெஞ்சலாக வந்தது.

"உசுரோட இருக்கறவங்கள முழுசா மூடக் கூடாது தாயி. முழுசா மூடறது பொணத்துக்குத்தான். எங்க பக்கம் வீடு கட்டினாலும் ஒரு கல்லு வைக்காம விடுவோம். பாய் மொடஞ்சாலும் ஓரத்துல ஒரு கோரைய முடியாம விடுவோம். உள்ள இருக்கறவங்க திரும்பி வர ஒரு வழி வேணும்ல? மருத்துவர்மாருக்குச் சொன்னா மூடநம்பிக்கைம்பாங்கன்னு யாருகிட்டயும் சொல்லல. நல்லதுன்னு நெனச்சுத்தான் செஞ்சோம். ஒவ்வொருத்தருக்கும் அந்த எடத்தை விடும்போது, நல்லபடியா வாங்கன்னு மனசுக்குள்ள சொல்லிக்கிட்டேதான் விட்டேன்."

அவர் தூரிகையைத் துடைத்த துணியாலேயே கண்ணையும் துடைத்துக்கொண்டார். கன்னத்தில் தங்கல் கோடு விழுந்தது.

"என் சம்சாரமும் இங்கதான் இருக்கா. அவளுக்கு வேற நோவு, இன்னும் மருந்து வரல. நானேதான் பூசினேன், நானேதான் வழிவிட்டேன். முந்தாநாள் நானே போயி மூடினேன். மூடிட்டா அவ கேட்ட கடைசி வார்த்தை நான் சொல்றதுதானே, ஏதாவது நல்லதாச் சொல்லணும்னு ரொம்ப நேரம் நின்னேன் தாயி. ஒண்ணும் வரல. கடைசில 'சாப்பிட்டியா'ன்னு கேட்டுட்டு மூடிட்டேன்."

அடுத்த வரிசையில், பார்வை நாள் இல்லாவிட்டாலும் எப்படியோ உள்ளே வந்திருந்த ஒருவன் தன் தாயின் மேடையருகே குந்தி உட்கார்ந்து, வீட்டில் கன்று போட்டிருப்பதைச் சொல்லிக்கொண்டிருந்தான். கன்றின் நெற்றியில் வெள்ளைச் சுட்டி இருப்பதைத் தன் நெற்றியில் தொட்டுக் காட்டினான். அந்த வரிசையை நேற்றே முடித்துவிட்டதாக வேம்பன் சைகையில் சொன்னார். மரகதம் அவனைப் பார்த்துக்கொண்டு நின்றாள். போய்ச் சொல்ல வாய் வரவில்லை. சொல்லி என்ன ஆகப்போகிறது?

பிறகு அக்காவிடம் போய் உட்கார்ந்தாள். வழக்கமான இடம், வழக்கமான சம்மணம். காது கேட்கிறது என்று தெரிந்தபின் நாக்கு எழவில்லை. இருபத்தாறு ஆண்டுகள் அருவிபோல் கொட்டியவளுக்கு ஒரு சொல் அகப்படவில்லை. சும்மா உட்கார்ந்திருப்பதும் அக்காவுக்குக் கேட்குமோ என்று நினைத்தபோது வியர்த்தது.

மன்னித்துவிடு என்று சொல்லலாம். சொல்லிவிட்டு வேம்பனைக் கூப்பிட்டால் அரை நொடியில் வேலை முடிந்துவிடும். அக்கா அமைதியாக இருப்பாள். வீடு இருக்கும், முல்லை இருப்பாள், முடிச்சு கழுத்தில் இருக்கும். யாருக்கும் தெரியாது, யாரும் குறைசொல்ல மாட்டார்கள். சட்டப்படி சரி, மருத்துவப்படியும் சரி. ஆனால் மன்னிப்புக் கேட்டுவிட்டு, பதில் சொல்ல முடியாதபடி காதை அடைத்துவிட்டுப் போவதற்கு மன்னிப்பு என்றா பெயர்? 'எந்திரிக்காத' என்று இத்தனை நாள் வாயால் சொன்னதை இன்றைக்குக் கையால் செய்வதுதானே அது?

வேம்பன் கொஞ்சம் தள்ளி, தூரிகையைத் தோய்த்துக்கொண்டு காத்திருந்தார். சொட்டு கீழே விழாமல் சிரட்டையில் வழித்துக்கொண்டிருந்தார்.

"அக்கா" என்றாள் மரகதம். "உன்னைக் கழுவச் சொல்லப் போறேன். எனக்குப் பயமா இருக்கு. இருந்தாலும் சொல்லப் போறேன்."

தங்கல் தண்ணீரில் போகாது. வெதுவெதுப்பான அரிசிக் கஞ்சியில்தான் விடும். பவளத்தைக் கழுவ ஒரு முழுப் பகல் ஆயிற்று. மருந்து நெஞ்சைச் சுத்தம் செய்து முடிக்கும்வரை மண்டபத்துக்குப் பின்னால் ஒரு அறையில் வைத்திருந்தார்கள். அத்தனை நாளும் யாரையும் உள்ளே விடவில்லை. மரகதம் வீட்டைக் கழுவித் துடைத்தாள். அக்காவின் பழைய புடவைகளைப் பெட்டியிலிருந்து எடுத்து வெயிலில் போட்டாள். தன் துணிகளை ஒரு மூட்டையாகக் கட்டிக் கதவோரம் வைத்தாள். சேந்தன் அந்த மூட்டையைச் சுற்றிச் சுற்றி நடந்தானே தவிர, அதைப் பற்றி எதுவும் கேட்கவில்லை.

கூட்டிப்போகலாம் என்று சொல்லி அனுப்பிய நாளில் இருவரும் போனார்கள். சேந்தன் சலவை வேட்டி கட்டி, நரையை எண்ணெய் வைத்துப் படிய வாரியிருந்தான். இளவெயினி வெளியே வந்தார்.

"தங்கச்சிய மட்டும் கேக்கறாங்க" என்றார்.

சேந்தன் தலையாட்டிவிட்டு, அன்றைக்குப் போலவே வாசலோடு நின்றுகொண்டான்.

பவளம் கட்டிலில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள். இளமை மாறாத முகம், இளமை மாறாத கை. மரகதத்துக்கு மகள் வயது. அந்தக் கண்கள் மட்டும் மரகதத்தின் முகத்தில் எதையோ தேடி, கிடைக்காமல் திகைத்தன.

"பேசு" என்றாள் பவளம். "குரலு கேட்டாத்தான் நீன்னு தெரியும். மொகம் வேற யாரோ மாதிரி இருக்கு."

"நான்தான்க்கா."

பவளம் கண்ணை மூடிக்கொண்டாள். மூடியபடியே சிரித்தாள்.

"ஆமா, நீதான். முல்லைக்கு ரெண்டாவது இந்த மாசம்னு சொன்னியே, பொறந்துடுச்சா?"

"பொண்ணுக்கா. தாயும் புள்ளையும் நல்லா இருக்காங்க." மரகதம் நின்றுகொண்டே, மனப்பாடம் செய்து வைத்திருந்ததை ஒரே மூச்சில் சொன்னாள். "வீடு அப்படியே இருக்குக்கா. எல்லாம் உனக்குத்தான். நான் என் துணியெல்லாம் கட்டி வச்சுட்டேன். முல்லை வீட்டுக்குப் போயிடறேன். அத்தான் வெளிய நிக்கறாரு. நீ வாசப்படி மிதிக்கறதுக்குள்ள அவரு இந்த முடிச்ச…"

"யாரு அந்த அத்தான்?"

மரகதம் வாசல் பக்கம் கைகாட்டினாள்.

"அவரு குரலு எப்படி இருக்கும்னே எனக்கு மறந்து போச்சு மரகதம். ஒரு தடவகூட வரல. நீ வந்த. என்னை எந்திரிக்காதன்னு சொல்லவாவது வந்த. அந்த ஆளு எனக்கு வேணாம். உனக்கு வேணுமான்னு நீ யோசிச்சுக்க."

மரகதம் கட்டிலின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு தரையில் உட்கார்ந்தாள். அவள் எப்போதும் உட்காரும் உயரம்.

"அது வந்துக்கா… முல்லைக்குக் காய்ச்சல்… நான் அன்னிக்கு என்ன பேசறோம்னே…"

"கேட்டுச்சு. ஒவ்வொரு தடவையும் கேட்டுச்சு" என்றாள் பவளம். குரலில் கோபம் இல்லை. கோபம் இருந்திருந்தால் மரகதம் பிழைத்திருப்பாள். "மொதல்ல உன் கழுத்தை நெரிக்கணும்னு வந்துச்சு. விரலு அசைஞ்சாத்தானே? இவ வரவே கூடாதுன்னு நெனப்பேன். நீ வர ரெண்டு நாளு தாமசமான மாதிரி தோணினா, வந்துட மாட்டாளான்னு தவிப்பேன். அப்புறம் எத்தனையோ காலம் கழிச்சு நானும் அதையேதான் வேண்டிக்க ஆரம்பிச்சேன். நான் எந்திரிக்கவே வேணாம், இப்படியே முடிஞ்சுபோகட்டும்னு. உனக்காக இல்ல. என்னால முடியல. ரெண்டு பேரும் ஒண்ணையே வேண்டியும் நடக்கல, பாரு."

மரகதம் முந்தானையைச் சுருட்டி வாயில் அடைத்துக்கொண்டாள். வெளியே கேட்காமல் அழ அவளுக்கு நல்ல பழக்கம் உண்டு. உடம்பு மட்டும் குலுங்கியது. அறையில் ஒரு சத்தமும் இல்லை.

பவளத்தின் முகம் வெளிறியது. கட்டிலிலிருந்து குனிந்து, தங்கையின் கையை வெறிபிடித்தவள்போல் பற்றி இழுத்தாள்.

"வாயிலேருந்து துணிய எடு. எடுடீ. அழறதுன்னா சத்தம் போட்டு அழு. திட்டு. மறுபடியும் எந்திரிக்காதன்னு வேணும்னாலும் சொல்லு. சத்தம் இல்லாம மட்டும் இருக்காத."

மரகதம் துணியை எடுத்தாள். வாசலில் நின்ற சேந்தன் திடுக்கிட்டுத் திரும்பும்படி வாய்விட்டு அழுதாள்.